விடுபட்ட இரண்டு வரி

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் அர்த்தநாரி முதலாளியின் அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோத்துக்கொண்டிருந்த கந்தவேலைப் பற்றி, கூட வேலை பார்த்தவர்கள் சொல்லக்கூடியது கொஞ்சந்தான். சத்தம் போட்டுப் பேசமாட்டான். நோம்பி நாளில் ஊருக்குப் போக லீவு கேட்டதில்லை. வெள்ளைத்தாளை எடுக்கும்போது ஓரத்தை நகத்தால் கிள்ளி எடுப்பானே தவிர, கட்டைவிரலைத் தாளின்மேல் வைக்கமாட்டான். மற்றவர்கள் கோத்த பக்கங்களில் மைவிரல் பதியாத பக்கம் கிடையாது. இவனுடையது மட்டும் துவைத்து விரித்த வேட்டி மாதிரி இருக்கும். "சுத்தக்காரன்" என்று முதலாளி மெச்சிக்கொள்வார்.

சுத்தம் காரணமல்ல. அவனுடைய பத்து விரல் ரேகையும் எங்கோ ஒரு சர்க்கார் பெட்டியில் இருந்தன. இன்னொரு தாளில் அவை பதிந்தால் அந்தப் பெட்டி எப்படியோ திறந்துகொள்ளும் என்று அவனுக்கு ஒரு நினைப்பு. அறிவுக்குப் பொருந்தாததுதான். ஆனாலும் பயம் அறிவைக் கேட்டுக்கொண்டா வருகிறது?

அவன் உப்புக் குறவர் குடியில் பிறந்தவன். கடற்கரையில் உப்பு வாங்கிக் கழுதைமேல் ஏற்றி, ஊர் ஊராகப் போய்த் தவச தானியத்துக்கு மாற்றியவர்கள் அவன் முன்னோர். ரயில் வந்தது, உப்பு ரயிலில் ஏறிக்கொண்டது. கழுதைகள் மேய்ச்சலுக்கு நின்றன, மனிதர்கள் வேலைக்கு நின்றார்கள். அடுத்தாற்போல் சட்டம் வந்தது. குடி முழுவதையும் பிறவித் திருடர் என்று எழுதி, ஆண்களின் விரலில் மை தடவி உருட்டி எடுத்தார்கள். ஊரைவிட்டு ஊர் போகச் சீட்டு வேண்டும். சீட்டில்லாமல் அகப்பட்டால் ஜெயில். கந்தவேல் வளர்ந்தது முள்வேலி போட்ட சர்க்கார் குடியிருப்பில். எழுத்துப் படித்ததும், அச்சுக் கோக்கப் பழகியதும் அங்கேதான். ஒரு சந்தைநாள் சீட்டு வாங்கிக்கொண்டு மனைவி மாரியாயியோடு வெளியே போனவன் திரும்பவில்லை.

சேலத்துக்கு வந்தபிறகு, கேட்டவர்களுக்குத் தன் ஊர் ஆத்தூருக்குக் கிழக்கே என்று சொல்லிவைத்தான். அவன் பேச்சு இந்தப் பக்கத்துப் பேச்சாக இல்லாததற்கும் அது தோதாகப் போயிற்று. மகள் தெய்வநாயகி பிறந்தாள். அவள் பிறந்ததிலிருந்து வீட்டுக்குள்ளே கூடத் தங்கள் பாஷையை இருவரும் பேசுவதில்லை. குழந்தை எங்கேயாவது ஒரு சொல்லைக் கொட்டிவிட்டால்? பிடிபட்டால் தங்கள் இருவரையும் பழைய வேலிக்குள் தள்ளுவார்கள். பிள்ளையைத் தனியே பிரித்து வேறொரு விடுதியில் போடுவார்கள். அந்தச் சட்டத்தில் அதற்கும் இடமிருந்தது. முதலாவதை அவன் தாங்குவான். இரண்டாவதை நினைத்தால் கையிலிருந்த ஈய எழுத்து நழுவும்.

முப்பத்தேழாம் வருஷம் தைநோம்பி முடிந்த கையோடு ராசப்பன் ஒரு கையெழுத்துக் கட்டோடு அச்சுக்கூடத்துக்கு வந்தார். பள்ளிக்கூடத்துப் பெரிய வாத்தியாராக இருந்து ஓய்ந்தவர். 'நம் ஜில்லாவின் குடிகள்: சிறுவர்க்கும் பெரியோர்க்கும்' என்று மேலே எழுதியிருந்தது. கொல்லிமலைக்காரர், மேச்சேரிப் பக்கத்து ஆட்டுக்காரர், இளம்பிள்ளைத் தறிக்காரர் என்று குடிக்கு ஓர் அத்தியாயம். எப்படி வாழ்கிறார்கள், எந்தச் சாமியைக் கும்பிடுகிறார்கள், பார்த்த மாத்திரத்தில் அவர்களை எப்படி அடையாளம் காண்பது. அத்தியாயத்தின் கடைசியில் அந்தக் குடியின் பெரியவர் வாயில் கேட்ட ஞானமொழி ஒன்று. அதற்காக மனிதர் வெயிலில் குடை பிடித்துக்கொண்டு ஊர் ஊராக நடந்திருந்தார்.

கோக்கக் கோக்கக் கந்தவேலுக்கு அந்தப் புத்தகம் பிடித்துப்போயிற்று. 'ஆடு வழி தப்பினால் ஆட்டை அடிக்காதே, நீ எந்த மரத்தடியில் கண்ணயர்ந்தாய் என்று பார்' என்ற ஆட்டுக்காரர் மொழியைக் கோத்து முடித்தபோது, யாரோ தன் தோளில் கைவைத்துச் சொன்னதுபோல் இருந்தது. இப்படி எல்லோரையும் பற்றி எழுதுகிற மனுஷன், என்று எண்ணிக்கொண்டே அடுத்த தாளைப் புரட்டினான்.

உப்புக் குறவர்.

அச்சு எழுத்து தலைகீழாய், வலமிடமாய்த்தான் கைக்கு வரும். அந்த இரண்டு சொல்லும் அப்படித் திரும்பி நின்று அவனையே பார்த்தன. களவு இவர்கள் குலத்தொழில் என்றிருந்தது. ஞானமொழி இருக்க வேண்டிய இடத்தில், 'இவர்களிடம் அப்படி ஏதும் கிடைக்கவில்லை' என்றிருந்தது. அதையெல்லாம் அவன் கோத்துவிட்டான். பிறந்தது முதல் காதில் விழுந்த வசவுதான். கை நின்றது அதற்கு மேலே இருந்த இரண்டு வரியில்.

'இக்குலத்துப் பெண்டிர் எத்தனை மறைந்து வாழ்ந்தாலும் இடது மணிக்கட்டின் உட்புறம் நாலு புள்ளியும் நடுவே ஒரு பிறையும் பச்சை குத்தியிருப்பர். அதுகொண்டு அவர்களைச் சிறுவரும் எளிதில் அறியலாம்.'

மாரியாயியின் மணிக்கட்டில் அது இருந்தது. இத்தனை வருஷமாய்க் கண்ணாடி வளையலை நெருக்கமாய் அடுக்கி மறைத்து வந்தாள். இந்தப் புத்தகம் தெய்வநாயகி படிக்கிற பள்ளிக்கூடத்துக்குத்தான் முதலில் போகும். அவளோடு படிக்கிற பிள்ளைகள் ஒவ்வொன்றும் வீட்டுக்கு வந்து, தண்ணீர் கேட்டு, சொம்பு நீட்டுகிற கையைத் திருப்பிப் பார்க்கும்.

"என்ன கந்தவேலு, அப்படியே நின்னுட்டீங்க? என்ற எழுத்து புரியலீங்களா?"

ராசப்பன் பின்னால் நின்றிருந்தார். கையை எழுத்துப் பெட்டிக்குள் விட்டுத் துழாவினான் கந்தவேல்.

"புரியுதுங்க ஐயா."

"இந்த அத்தியாயந்தான் எனக்கு மனசுக்குக் கொறையாக் கெடக்குது. ஒரு நல்ல வாக்கு ஆப்படல. உங்க கெழக்கத்திப் பக்கம் உப்புக்காரங்க நெறைய வந்துபோவாங்களே, அவுங்க வாயில ஏதாச்சும் கேட்டதுண்டுங்களா? ஒண்ணு கெடச்சாலும் சேத்திப்போடலாம்."

அவன் அம்மா சொல்லுவாள். மூட்டையை இறக்கி எந்த ஊரில் தண்ணீர் வாங்கிக் குடித்தாலும், சொம்பைத் திருப்பிக் கொடுக்குமுன் சொல்லுவாள்: தண்ணி குடிச்ச ஊருக்குத் தீங்கு நெனச்சா, மழையில நனைஞ்ச உப்பாக் கரைஞ்சு போவோம். அது நாக்கின் நுனிவரை வந்தது. வந்ததை விழுங்கினான்.

"கேட்டதில்லீங்க ஐயா."

"செரி, கெடக்கட்டும்" என்று குடையை எடுத்துக்கொண்டு போனார் அவர்.

அந்த இரண்டு வரியையும் கந்தவேல் கோக்கவில்லை. வரிக்கு வரி நடுவே மெல்லிய ஈயத் தகடுகளைக் கூடுதலாகச் செருகி, பக்கத்தை இழுத்து நிரப்பினான். பார்த்தால் இடைவெளி தெரியாது.

ஆனால் புரூஃப் என்று ஒன்று இருக்கிறது. அந்த அச்சுக்கூடத்து வழக்கப்படி, கோத்தவன் கையெழுத்துப் பிரதியை வாய்விட்டுப் படிப்பான். கமா, முற்றுப்புள்ளி எல்லாவற்றையும் பெயர் சொல்லிப் படிக்க வேண்டும். திருத்துகிற சின்னுசாமி எதிரில் உட்கார்ந்து, அச்சான தாளில் விரலை ஓட்டிக்கொண்டு கேட்பார். வயசானவர், மூக்குக்கண்ணாடிக்காரர், ஒரு சுழி குறைந்தாலும் சுண்டுவிரலைத் தூக்கிவிடுவார். இருவரும் ஒரே தாளைப் பார்ப்பதில்லை. அவர் கண்ணுக்கு அச்சு. கந்தவேல் வாய்க்குக் கையெழுத்து.

வழக்கம்போல் படித்தான். அந்த இடம் வந்தது. ஒரு நிமிஷம் நிறுத்தி, எச்சில் விழுங்கி, இரண்டு வரியையும் தாண்டி அடுத்த சொல்லில் போய் இறங்கினான். சின்னுசாமியின் விரல் தாளில் நிற்காமல் ஓடியது. சுண்டுவிரல் எழும்பவில்லை.

"தொண்டை கட்டிப்போச்சுங்களா?" என்றார்.

"ஆமாங்க. பனி."

"மொளகு போட்டுக் கசாயம் வெச்சுக் குடிங்க. மேல படிங்க."

அன்று சாயங்காலம் வீட்டில் மாரியாயி சோறு போடுகையில் அவள் கையையே பார்த்துக்கொண்டிருந்தான். "என்ன அப்படிப் பாக்கறே?" என்று கேட்டாள். "வளையல் ஒண்ணு ஒடைஞ்சிருக்குது. புதுசு வாங்கிக்கோ" என்றான். வேறெதுவும் அவளிடம் சொல்லவில்லை. பயத்தைப் பங்குபோட்டால் பாதியாகாது, இரண்டாகும் என்பது அவன் கணக்கு.

புத்தகம் அச்சாகித் தைத்து முடிந்தது. முதல் பிரதியை வாங்கிப்போன ராசப்பன் மறுநாளே திரும்பி வந்தார். கோபமில்லை. முகம் மட்டும் வாடியிருந்தது.

"முதலாளி, இந்தப் பக்கத்துல ரெண்டு வரி காணோமுங்க. முக்கியமான வரி. புள்ளைங்க எச்சரிக்கையா இருக்கோணுமின்னுதானே எழுதினேன்."

அர்த்தநாரி கையெழுத்தையும் புத்தகத்தையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். "கந்தவேலு."

"கண்ணு தாண்டிப்போச்சுங்க முதலாளி."

"உன்ற கண்ணு தாண்டுனதில்லையே இத்தன வருசத்துல."

 எதிர் மேஜையில் சின்னுசாமி கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். துடைத்து முடிக்க அவருக்கு வெகுநேரம் ஆயிற்று.

"போவுது, பிழைதிருத்தம் ஒட்டிப்போடலாம்" என்றார் முதலாளி. "துண்டுத்தாள்ல அந்த ரெண்டு வரியவே கொட்டை எழுத்துல அடிச்சு, ஒவ்வொரு புஸ்தகத்துலயும் மொதப் பக்கத்துல ஒட்டுவோம். விட்டது நீதானே, நீயே கோத்துக் குடு."

புத்தகத்தின் நடுவே, பொடி எழுத்தில், யாரும் படிக்காமல் போயிருக்கக்கூடிய இரண்டு வரி. தன் கையாலேயே அதைத் தூக்கி முகப்பில் நிறுத்தியாயிற்று. கோத்தான். ஒவ்வொரு எழுத்தாக எடுத்து வைக்கையில் மாரியாயியின் மணிக்கட்டில் தானே ஊசி ஏற்றுவதாகத் தோன்றிற்று.

இதோடும் போகவில்லை. தாள் மடிக்கிற வேலையைப் பெண்கள் வீட்டுக்கு வாங்கிப்போய்ச் செய்வது வழக்கம். மாரியாயியும் அப்படி மடித்துக் கொடுப்பவள்தான். இது அவசரம் என்பதால் எல்லோரையும் அச்சுக்கூடத்துக் கொட்டகைக்கே வரச்சொல்லி ஆள்விட்டார் முதலாளி. பசை ஒட்டும் வேலைக்கு வளையல் ஆகாது. கண்ணாடி கீறித் தாள் கிழியும். வாசலில் ஒரு தட்டு வைத்திருந்தது. பெண்கள் வளையலைக் கழற்றிப் போட்டுவிட்டுப் போய் உட்கார்ந்தார்கள். மாரியாயி புருஷனைத் திரும்பிப் பார்த்தாள்.  கழற்றினாள். தட்டில் அவளுடையது விழுந்த சத்தம் மட்டும் கந்தவேலுக்குத் தனியாகக் கேட்டது.

இடது கையைப் பசைக்கிண்ணத்தின் மறைவில் கவிழ்த்து வைத்துக்கொண்டு வலக்கையால் ஒட்டத் தொடங்கினாள். எழுத்துத் தெரியாதவள். தான் ஒட்டுவது என்னவென்று அவளுக்குத் தெரியாது. அவனுக்குத் தெரியும். எழுத்துப் பெட்டிக்கு முன்னால் நின்றபடி, கோத்ததையே கலைத்து, கலைத்ததையே கோத்துக்கொண்டிருந்தான்.

"அய்யா, என்னத்தத்தான் ஒட்டறோம்? ஒரு வார்த்தை படிச்சுச் சொல்லுங்க" என்றாள் மாரக்காள். எந்த வேலைக்கும் வாய் துணை வேண்டும் அவளுக்கு. "கையி பாட்டுக்கு ஒட்டுது, காது சும்மாதானே கெடக்குது."

சின்னுசாமி எழுந்து வந்து ஒரு துண்டை எடுத்தார். 'உப்புக் குறவர், களவு குலத்தொழில்' என்ற பக்கத்தில் விட்டுப்போனது என்று சொல்லிவிட்டு, முற்றுப்புள்ளி உள்பட நிதானமாகப் படித்தார்.

படித்து முடித்ததுதான் தாமதம், கொட்டகையில் இருந்த பெண்கள் அத்தனை பேரும் தங்கள் இடக்கையைத் திருப்பிப் பார்த்தார்கள். யாரும் சொல்லிச் செய்யவில்லை. கை தானாகத் திரும்பிற்று. மாரியாயி மட்டும் திருப்பவில்லை.  கந்தவேல் வாசலைப் பார்த்தான். பள்ளிக்கூடம் விட இன்னும் நேரமிருக்கிறது. போய்ப் பிள்ளையைக் கூட்டிக்கொண்டு ரயிலடிக்குப் போய்விடலாமா என்று கால் கேட்டது.

"என்ற தாயே" என்றாள் ஆத்தாயி.

ஆத்தாயி திருச்செங்கோட்டுப் பக்கத்துக் கவுண்டச்சி. மழை பொய்த்துக் காடு தோட்டம் கைவிட்டுப்போய், மாமன் முறையான முதலாளியை நம்பிச் சேலத்துக்கு வந்தவள். கூலி வேலைதான், ஆனாலும் தலை குனிந்து யாரும் பார்த்ததில்லை. அவள் தன் மணிக்கட்டைத் தூக்கிப் பிடித்திருந்தாள். நாலு புள்ளி. நடுவே பிறை.

"இதென்ன கூத்து? என்ற கையில எப்படி வந்துது இது?" என்று அவளே கேட்டு, அவளே பதிலும் சொன்னாள். "சின்னப் புள்ளையில தேர்நோம்பிக் கடையில பச்சை குத்தினாங்க. வலி பொறுக்காம ஓன்னு கத்தினேனாமா. பச்சை குத்துன குறத்தி பாத்தாளாமா. தன்ற கையக் காட்டி, 'அழுவாத கண்ணு, என்னுதையே உனக்கும் போட்டுடறேன், இனி நீ எம்மவ'ன்னு சொல்லிக் குத்தினாளாமா. எங்கம்மா சொல்லிச் சொல்லிச் சிரிப்பாங்க."

கந்தவேலுக்கு அது தெரிந்த சங்கதி. அவன் அம்மாவும் ஊரார்க்குப் பச்சை குத்திவிடப் போனவள்தான். மற்றப் பெண்களுக்குத் தேள், தேர், கோலம் என்று எதை வேண்டுமானாலும் குத்துவார்கள். தங்கள் குறியைக் குத்தமாட்டார்கள். அடங்காமல் அழுகிற பிள்ளைக்கு மட்டும் அதைப் போடலாம். தன் மகள் என்று சொல்லிவிட்டால் பிறத்திப் பிள்ளை இல்லையல்லவா, அப்புறம் வலியும் அடங்கும், சாமியும் கோபிக்காது. அந்த வழக்கம் இந்தக் கொட்டகைவரை நடந்து வந்திருக்கும் என்று அவன் நினைத்ததில்லை.

ஆத்தாயி பக்கத்திலிருந்த மாரியாயியின் கையை வெடுக்கென்று இழுத்தாள். "காட்டு புள்ளே."

ஆத்தாயியே அதைத் திருப்பினாள். பசை ஈரத்தில் பச்சை பளபளவென்று தெரிந்தது.

 யாரோ பிடித்திருந்த தூரிகையிலிருந்து பசை சொட்டியது.

"இவளுக்கும் இருக்குது பாரு, என்னாட்டமே" என்றாள் ஆத்தாயி. "ஏம்புள்ளே, நீயும் அழுத புள்ளதானா?"

மாரியாயி புருஷன் பக்கம் திரும்பவில்லை. "ஆமாங்க அக்கா" என்றாள். "ரொம்ப அழுதேன்."

சொல்லும்போதே அவள் கண் நிறைந்துவிட்டது. அதுவும் பொருத்தமாகவே போயிற்று.

"அடக் கெரகமே, அப்ப எங்களையெல்லாமா களவாணிங்கறாரு இந்த வாத்தியாரு" என்று ஆத்தாயி எழுந்தாள். ஒட்டின புத்தகம் ஒன்றைத் தூக்கிக்கொண்டு நேரே முதலாளி அறைக்குப் போனாள். பேச்சு வெளியே தெளிவாகக் கேட்டது.

"மாமா, என்ற கையப் பாருங்க. நாளைக்கு எவனாவது இந்தப் புஸ்தகத்தக் கையில வெச்சுக்கிட்டு என்னைய இன்ன சாதின்னு சொன்னா, எங்கண்ணன் தம்பிங்க உங்க ஊட்டு வாசல்லதான் வந்து நிப்பாங்க. எங்க பங்காளி ஊட்டுல இன்னும் ரெண்டு பேத்துக்கு இருக்குது இந்தப் பச்சை."

"சத்தம் போடாத அம்மணி."

"சத்தமா? இன்னும் நான் தொடங்கவே இல்லீங்க மாமா."

முதலாளி கதவைச் சாத்தினார். சற்றுநேரம் கழித்து ராசப்பனுக்கு ஆள் போயிற்று. மனிதர் வந்து ஆத்தாயியின் மணிக்கட்டை எட்டநின்று பார்த்து, "அப்படீன்னா இந்த அடையாளம் நம்பறதுக்கில்லீங்களே" என்று முணுமுணுத்தார். ஒட்டிய துண்டுகளை ஈரத்துணி வைத்து உரிக்கச் சொல்லி உத்தரவாயிற்று. பெண்கள் உரித்தார்கள். களவு குலத்தொழில் என்ற வரி புத்தகத்துக்குள் அப்படியே இருந்தது. அதைப் பற்றி யாரும் எதுவும் கேட்கவில்லை. ஆத்தாயி கேட்டது தன் கைக்காகத்தான். தன் கை தப்பியதும் உட்கார்ந்து வெற்றிலை போட்டுக்கொண்டாள். பக்கத்தில் இருந்த கையும் அதோடு சேர்ந்து தப்பியது அவளுக்குத் தெரியாது.

மறுவாரம் வேறொரு புத்தகம் புரூஃபுக்கு வந்தது. கந்தவேல் கையெழுத்துக் கட்டை எடுத்துக்கொண்டு சின்னுசாமியின் எதிரில் உட்கார்ந்தான். அவர் கையை நீட்டி அந்தக் கட்டை வாங்கிக்கொண்டார். அச்சான தாளை அவன் பக்கம் தள்ளினார்.

"இனிமே நான் படிக்கறனுங்க. நீங்க பாருங்க."

"ஏனுங்க?"

"என்ற கண்ணு மங்கிப்போச்சு. பொடி எழுத்து தெரியறதில்ல" என்றார். பெரிய எழுத்தோ சின்ன எழுத்தோ, அவர் கண்ணுக்கு அதுவரை தப்பியதில்லை என்பது இருவருக்கும் தெரியும்.

அவ்வளவுதான்.  அந்த இரண்டு வரியை அவன் ஏன் தாண்டினான் என்று தெரிந்துகொண்டாரா, தெரிந்தும் மூடிவைத்தாரா, என்றைக்காவது எடுத்து நீட்டுவதற்காகக் காத்திருக்கிறாரா? கந்தவேலால் கண்டுபிடிக்க முடியவில்லை. வருஷக்கணக்கில் எதிரெதிரே உட்கார்ந்தார்கள். அவர் படிப்பார், மூச்சு வாங்க நிறுத்துவார். அந்த நிறுத்தத்தில் கந்தவேல் அடுத்த வரியை அவசரமாக முன்கூட்டிப் படித்துப் பார்ப்பான். பிறகு அவர் கமா என்பார், மேலே போவார். யுத்தம் வந்தது, காகிதம் கிடைக்காமல் போயிற்று, மறுபடி கிடைத்தது. தெய்வநாயகி வளர்ந்து தாவணி போட்டாள். அவள் கையில் பச்சை எதுவும் கிடையாது. கேட்டவர்களிடம் மாரியாயி, "ஊசின்னா பயம் அதுக்கு" என்று சொல்லிவைத்தாள்.

நாற்பத்தேழில் ஒருநாள் உள்ளூர் வாரப் பத்திரிகைக்காக மற்றவர்கள் கோத்த பக்கங்களைப் புரூஃப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பல சங்கதிகளுக்கு நடுவே அதுவும் ஒரு துணுக்கு. சின்னுசாமி எப்போதும்போல் படித்தார். கைரேகைச் சட்டம் மாகாணத்தில் அடியோடு ரத்தாயிற்று, இனி எக்குடியினரும் பிறப்பைக் கொண்டு குற்றவாளி எனப்படார். படித்துவிட்டு நிறுத்தினார். மூச்சு வாங்குவதற்கு எடுத்துக்கொள்ளும் நேரத்தைவிடக் கூடுதலாக நிறுத்தினார். கந்தவேலின் விரல் அந்த வரியின்மேல் நின்றது. நிமிர்ந்தால் அவர் முகம் தெரியும். நிமிரவில்லை.

"இன்னொருக்காப் படிக்கட்டுங்களா?" என்றார் சின்னுசாமி.

"வேண்டாங்க. சரியா இருக்குது."

"செரி" என்று அடுத்த துணுக்குக்குப் போனார் அவர். பருத்தி விலையைப் பற்றியது.

அச்சுக்கூடம் மூடும்வரை கந்தவேல் இருந்தான். வெளியே வந்தபோது கால்கள் ஓடப் பார்த்தன. மாரியாயியிடம் சொல்ல வேண்டும். அடுப்படியில் இருப்பாள், கதவைச் சாத்திவிட்டு, மறந்துபோகாமல் இருந்தால் தங்கள் பாஷையிலேயே சொல்ல வேண்டும். ஆனாலும் அவன் எப்போதும் நடக்கிற நடையில்தான் நடந்தான். வேகமாக நடந்தால் வீதியில் யாராவது நிறுத்தி, என்ன விசேஷம் கந்தவேலு, என்று கேட்டுவிடுவார்கள்.